ஏழாம் காம்பராவில் காற்று நுழைந்த குற்றம்

வாருங்கள் ஐயன்மீர்! வாருங்கள் அம்மையீர்! அநீதி நடந்த இடத்துக்கு ஆள் வருவதில்லை, அது நடந்து முடிந்தபின் அனுதாபம் மட்டுமே வருகிறது என்றொரு பழி நம் இனத்தின்மீது உண்டு. அந்தப் பழியை இன்று துடைப்போம். தீவின் தேயிலை மலைநாட்டில், வட்டகொடையில் ரயிலைவிட்டு இறங்குங்கள். பூண்டுலோயா நோக்கிப் போகும் பாதையில் மேலேறுங்கள். மூச்சு முட்டினால் நின்று வாங்கிக்கொள்ளுங்கள். இது மூச்சைப் பற்றிய வழக்குத்தான். ஊசிப்பாறைத் தோட்டத்தின் மேற்பிரிவில், பன்னிரண்டு காம்பராக்களை, அதாவது ஓரறை வீடுகளை, ஒரே கூரையின்கீழ் அடைத்த லயம் ஒன்று தெரிகிறதா? அதன் பின்சுவருக்குப் போங்கள். ஏழாம் காம்பராவின் சுவரில், ஒரு முழ அகலத்துக்கு ஈரமண் அப்பியிருக்கிறார்களே, அதைத் தொட்டுப் பாருங்கள். விரலில் மண் ஒட்டும். துடைத்துவிடாதீர்கள். கொலைக் கருவி அதுதான்.

கொல்லப்பட்டது ஒரு சன்னல். அதன் மீதான குற்றச்சாட்டு: சமத்துவத்துக்கு ஊறு விளைவித்தது.

அந்தச் சன்னலைப் பெற்றெடுத்தவள் சண்முகவடிவு. கொழுந்தெடுக்கும் பெண். அவள் கணவன் பழனியாண்டி, தொழிற்சாலையில் தேயிலை சலிக்கும் அறையில் காலம் கழித்தவன். அவன் சலித்த தூளில் நல்ல தூள் கப்பலேறியது. மிச்சம் அவன் நெஞ்சில் ஏறியது. இழுப்பு வந்தது. இழுப்பு வந்தவனைத் தொழிற்சாலை இறக்கிவிட்டது. வாசலைத் தவிர வேறு திறப்பில்லாத காம்பராவில், அடுப்புப் புகைக்கும் அவனுக்கும் நாள்தோறும் போர். பொறுத்துப் பார்த்த வடிவு, ஒரு ஞாயிற்றுக்கிழமை பின்சுவரைக் குடைந்தாள். தேயிலைப் பெட்டிப் பலகையைக் கதவாக்கினாள். தோட்டத்துத் துரை குப்பையில் எறிந்த சப்பாத்தின் தோலை வெட்டிக் கீலாக்கினாள். துரையின் காலில் இருந்தவரை மிதிக்க மட்டுமே தெரிந்த தோல், வடிவின் கைபட்டதும் திறக்கக் கற்றுக்கொண்டது. பழனியாண்டி அதனடியில் பாயை இழுத்துப் போட்டுப் படுத்தான். அன்றிரவு அவன் தூங்கினான். ஊர் அறிந்த புரட்சி எதுவும் அதற்குமேல் நடக்கவில்லை.

இந்நிலையில்தான் சமத்துவம் மலையேறி வந்தது.

நாடு விடுதலை பெற்றுச் சில ஆண்டுகள் ஆகியிருந்தன. எல்லோரும் சமம் என்று கீழே அறிவித்தாகிவிட்டது. கடல் கடந்து வந்தவர்களின் பிள்ளைகள் என்பதால் தோட்டத்து மக்களுக்கு ஓட்டு இல்லை என்றும் அறிவித்தாகிவிட்டது. அதிலும் பாரபட்சம் காட்டவில்லை, ஆண் பெண் இருபாலருக்கும் சமமாகவே இல்லை. எஞ்சிய ஏற்றத்தாழ்வுகளைக் களைவதற்காகச் 'சமநிலைப் பரிபாலனக் கந்தோர்' என்னும் அலுவலகம் ஊசிப்பாறைக்கு அனுப்பப்பட்டது. கந்தோருக்கு இடம் வேண்டுமே? பிள்ளைக் காம்பராவை எடுத்துக்கொண்டார்கள். தாய்மார் வேலைக்குப் போகும்போது விட்டுச்செல்லும் குழந்தைகள் மரத்தடிக்கு மாற்றப்பட்டு, அங்கே வேற்றுமையின்றி நனைந்தன.

கந்தோரின் தலைவர் திருவாளர் குலவீரசிங்கம். கறுப்புக் கோட்டு, மூக்குக் கண்ணாடி, எந்த நேரமும் எதையோ மன்னிக்கப்போகிறவர் போன்ற முகம். மக்கள் அவரைச் சுருக்கமாகச் 'சமனய்யா' என்றார்கள். வந்த முதல் காலையிலேயே பெரட்டுக் களத்தில், வேலைக்குப் பேர் கொடுக்க நின்ற கூட்டத்தின்முன் அவர் முழங்கினார்:

"உழைக்கும் தோழர்களே! மனிதருள் உயர்ந்தவனும் இருத்தலாகாது, தாழ்ந்தவனும் இருத்தலாகாது. தாழ்ந்தவனை உயர்த்துவது பெருஞ்செலவு பிடிக்கும் காரியம். ஆதலால் உயர்ந்தவனைத் தாழ்த்த வந்திருக்கிறோம்!"

கங்காணி கைதட்டினார். கங்காணி தட்டியதால் எல்லோரும் தட்டினார்கள்.

"யாருடி இங்க ஒசந்தவ?" என்று வடிவின் விலாவில் இடித்தாள் பக்கத்துக் காம்பரா ராக்காயி. "நீயா, நானா?"

"சும்மா இரு அக்கா. தொரயச் சொல்றாரோ என்னமோ."

"ஆமா, சொல்லுவாரு. தொர வீட்டுச் சோறு தின்ன வாயி."

களத்திலிருந்து மலைக்குப் போன சமனய்யா அங்கே ஒரு காட்சியைக் கண்டு மெய்ம்மறந்தார். பெண்கள் ஒவ்வொரு செடியின் தலைமீதும் ஒரு மெல்லிய கம்பைப் படுக்கையாக வைத்து, கம்புக்கு மேலே எழுந்த கொழுந்தை மட்டும் கிள்ளிக் கூடையில் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

"இது என்ன கோல்?"

"மட்டக்கம்புங்க" என்றாள் வடிவு. "செடி மட்டமா இருக்கணும்ல, அதுக்குங்க."

"மேலே எழுவதைக் கிள்ளிவிடுவீர்கள்?"

"ஆமாங்க. கிள்ளுனாத்தான் தோட்டத்துக்கு ஆதாயம்."

சமனய்யா கண்ணாடியைக் கழற்றிக் கண்களைத் துடைத்தார். உலகத்துப் பேரறிஞர்கள் ஊழிக்காலமாகத் தேடிய தத்துவம், ஊசிப்பாறையில் ஒரு குச்சியாகக் கிடந்ததே! அன்று மாலையே மட்டக்கம்பு கந்தோரின் சின்னமாயிற்று. ஆளுயரத்தில் ஒரு கம்பைச் சீவி, வெள்ளைச் சாயம் பூசி, இரு முனையிலும் பித்தளைப் பூண் மாட்டினார்கள். அதைச் சுமப்பதற்கென்றே ஒரு சேவகன் நியமனம் பெற்றான்.

"கொழுந்தெடுக்குற கம்புக்குப் பூணு போட்டாச்சு" என்றாள் ராக்காயி. "தாலியும் கட்டிட்டா குடும்பம் நடத்தும்."

பரிபாலனம் தொடங்கியது. அந்த லயத்தில் ஐந்து காம்பராக்களின் கூரை ஒழுகிற்று, ஏழு ஒழுகவில்லை. கொடிய ஏற்றத்தாழ்வு! ஐந்தை அடைக்கத் தகரம் வேண்டும், தச்சன் வேண்டும், மேலிடத்து அனுமதி வேண்டும். ஏழைத் துளைக்க ஓர் ஆணி போதும். ஆணிக்கு மாலை சூட்டி, சமனய்யாவே முதல் துளையைத் திறந்துவைத்தார். அந்த மழைக்காலத்தில் வானம் பன்னிரண்டு அடுப்புகளையும் ஒருசேர அணைத்தது. அடுத்துத் தண்ணீர்க் குழாய். மேல் லயத்துக் குழாயில் நீர் வந்தது, கீழ் லயத்துக் குழாயில் வரவில்லை. மேற்குழாயும் அடைக்கப்பட்டது, கீழ்க்குழாய்க்கு இருந்த தாழ்வு மனப்பான்மை நீங்கியது, இரு லயத்துப் பெண்களும் ஓடைக்கு நடந்தார்கள். ராக்காயியின் அவரைக்கொடி கூரைவரை ஏறியிருந்தது. அதன்மீதும் கம்பு வைக்கப்பட்டது. காய்த்த பகுதி முழுவதும் கம்புக்கு மேலேதான் இருந்தது.

இடையில் கங்காணி அணிந்திருந்த கோட்டைப் பற்றி ஒருவர் கேட்டார். தோட்டத்தில் மற்ற எவருக்கும் கோட்டில்லையே? சமனய்யா விளக்கினார்: "அது உயர்வு அன்று, பொறுப்பு. பொறுப்புக்குக் குளிரும்."

இப்படி லயம் லயமாக இறங்கி வந்த கம்பு, ஒரு பிற்பகல் ஏழாம் காம்பராவுக்குள் நுழைந்தது. உள்ளே நுழைந்த சமனய்யாவின் சப்பாத்தின்மேல் சதுரமாக ஏதோ ஒன்று விழுந்தது. அவர் காலைப் பின்னுக்கு இழுத்தார்.

"இது என்ன?"

"வெளிச்சமுங்க" என்றான் பாயில் கிடந்த பழனியாண்டி.

"அது தெரிகிறது. எப்படி இங்கே வந்தது?"

"மத்தியானம் வருமுங்க. சாயந்தரம் தானா போயிருமுங்க. தொந்தரவு ஒன்னும் பண்ணாது."

சமனய்யா சன்னலைப் பார்த்தார். சன்னலும் அவரைப் பார்த்தது. மறுநாள் பிள்ளைக் காம்பராவில், அதாவது கந்தோரில், விசாரணை. வடிவு கொழுந்துக் கூடையோடு நின்றாள். கதவோரம் ராக்காயி எட்டிப் பார்த்தாள்.

"சகோதரி, காற்று யாருக்குச் சொந்தம்?"

"யாருக்குமில்லீங்க."

"பொதுச்சொத்து! அந்தப் பொதுச்சொத்தைத் தனி வாசல் வைத்துத் தனியுடைமையாக்கினாய். பதினொரு குடும்பம் புகையில் இருமும்போது, ஒரு குடும்பம் இருமாமல் இருப்பது ஆணவம் அல்லவா?"

"அப்ப மத்த வீட்டுக்கும் ஒவ்வொன்னு வெட்டிக் குடுத்துருங்கய்யா. எல்லாரும் இருமாம இருப்போம்."

சமனய்யா இரக்கத்தோடு சிரித்தார். "அம்மா, இந்தக் கந்தோரிடம் கம்பு இருக்கிறது. ஏணி இல்லை. மேலே கொண்டுபோகும் அதிகாரம் எமக்கு வழங்கப்படவில்லை."

"தொர பங்களாவுல எத்தனையோ சன்னலு இருக்குதுங்களே..."

"கேள்! மலையில் நிழல்மரம் நிற்கிறது. தேயிலையைவிட எத்தனை மடங்கு உயரம்! அதன் தலையில் யாரேனும் மட்டக்கம்பு வைத்ததுண்டா? ஏன் வைக்கவில்லை? அது நிழல் தருகிறது."

"நெழலு குடுக்குதா, நமக்கு வர்ற வெயில முழுங்குதா?" என்றது கதவோரம்.

"யார் அது?"

"காத்துங்க, அய்யா" என்றாள் ராக்காயி.

சமனய்யா எழுந்தார். சேவகன் கம்பை நிமிர்த்தினான். "கந்தோரின் சட்டம் ஒரே வரி. அதை நெஞ்சில் எழுதிக்கொள். பெரும்பான்மை எதுவோ, அதுவே மட்டம்! மட்டத்துக்கு மாறாக நிற்பது ஒன்றாயினும், அது மட்டத்துக்கு வந்தே தீரவேண்டும். பதினொரு சுவரில் சன்னல் இல்லை. ஆகவே பன்னிரண்டிலும் இல்லை. மீண்டும் திறந்தால் பத்துச்சீட்டு."

பத்துச்சீட்டு என்றால் அறியாதவர் அறிக: வேலையிலிருந்து நீக்கும் சீட்டு. வேலை போனால் காம்பரா போகும். காம்பரா போனால், இந்த நாட்டுக்காரரும் அல்லர், எந்த நாட்டுக்காரரும் அல்லர் என்று எழுதப்பட்டவர்களுக்குப் போக இடமில்லை. சண்முகவடிவு கூடையைத் தூக்கிக்கொண்டு மலைக்குத் திரும்பினாள். அன்று மாலை கொத்தன் வீரய்யா கல்லும் மண்ணும் கொண்டுவந்து சன்னலை அடைத்தான்.

"என்னைத் திட்டாத மாமா" என்றான் பாயில் கிடந்தவனிடம்.

"ஒன்ன ஏண்டா... திட்டுறேன்?" பழனியாண்டிக்கு ஒரு வாக்கியத்தை ஒரே மூச்சில் முடிக்க முடியாது. "நல்லா... அழுத்திப் பூசு. சமத்துவம்... ஒழுகிறப் போவுது."

பிறகு அடுப்பு எரிந்தது. புகை தன் பழைய இடத்துக்குத் திரும்பியது. இருநாளில் பழனியாண்டியின் உதடு நீலம் பாரித்தது. அவனைத் தூக்கி வாசலோரம் இஸ்தோப்புத் திண்ணையில் கிடத்திவிட்டு, வடிவு மழையோடு கந்தோருக்கு ஓடினாள்.

"அய்யா, அவருக்கு மூச்சு விட முடியலீங்க. மத்தவங்க விடுறாங்க, அவரால முடியலீங்க. இதுவும் ஏற்றத்தாழ்வுதானுங்களே?"

சமனய்யாவின் முகம் கவலையில் ஆழ்ந்தது. முறையீடு நியாயமானது. அவர் சேவகனோடு கலந்து பேசினார். கம்பைக்கூட ஒருமுறை பார்த்தார். முடிவில் மிகுந்த வருத்தத்துடன் சொன்னார்: "நீ சொல்வது முற்றிலும் உண்மை. ஒருவன் குறைவாக மூச்சுவிடும்போது மற்றவர் நிறைவாக விடுவது அநீதியே. ஆனால் மற்றவர்களின் மூச்சைக் குறைப்பதற்கு இவ்வாண்டு நிதி ஒதுக்கப்படவில்லை. பொறுத்திரு."

அவள் திரும்பி வந்து அதை அப்படியே சொன்னாள். பழனியாண்டி சிரித்தான். சிரிப்பு இழுப்பாகி, இழுப்பு அவனைக் குலுக்கியது. வடிவு அவன் முதுகைத் தடவிக்கொண்டே இருந்தாள். லயமே வந்து நின்று பார்த்தது. அவனுக்குச் சளைக்காமல் எல்லோர் வீட்டிலும் ஒருவர் இருமிக்கொண்டுதான் இருந்தார். அதை இத்தனை நாளாக யாரும் கணக்கில் வைக்கவில்லை.

"புள்ள" என்றான் அவன், மூச்சு சற்றே திரும்பியதும். "அந்தாளு சொன்ன... சட்டம் என்னா?"

"பெரும்பான்மை எதுவோ அதுவே மட்டமாம்."

"அப்பிடியா? ஒத்தச் சன்னலு... குத்தம். சரி. பன்னண்டும்..." அவனால் முடிக்க முடியவில்லை. முடிக்கத் தேவையும் இருக்கவில்லை.

ஓடைக்கரையில் குடத்தை இறக்கி வைத்துவிட்டு வடிவு அதை மற்றப் பெண்களிடம் சொன்னாள். ஆளுக்கொரு பக்கம் திரும்பிக்கொண்டார்கள்.

"பத்துச்சீட்டுக் குடுத்துருவானுங்க அக்கா" என்றாள் ஒருத்தி. "எங்களுக்குப் போக்கிடம் ஏது?"

"எனக்கு மட்டும் இருக்கா?" என்றாள் வடிவு. "ஒங்க வீட்டுல இருமுறது எங்க வீட்டுக்குக் கேக்கலன்னு நெனச்சீங்களா? ஒரே தகரந்தான தலைக்கு மேல."

ராக்காயி குடத்தைத் தலைகீழாகக் கவிழ்த்தாள். "ஒரு வீட்டுக்குச் சீட்டுக் குடுத்தா அது சீட்டு. பன்னண்டு வீட்டுக்கும் குடுத்தா? கொழுந்து பொங்கி நிக்கிது. சமனய்யாவும் சேவகனும் கூடை கட்டிக்கிட்டு எறங்குவானுகளா? எங் கொடிய வெட்டுன அன்னிக்கே நான் ஒரு முடிவுக்கு வந்துட்டேன். அலவாங்கு இருந்தாச் சொல்லுங்கடி."

சுவரிடிக்கும் கடப்பாரையான அந்த அலவாங்கு தோட்டத்து ஸ்டோரில் பூட்டியிருந்தது. அந்தப் பூட்டைத் திறந்துவிட்டது யார் தெரியுமா? சமத்துவமே!

ஆம். கந்தோர் தன் வெற்றியைக் கொண்டாடச் 'சமநிலைப் பெருவிழா' ஒன்றுக்கு நாள் குறித்திருந்தது. துரை தலைமை. தொழிலாளர் அனைவரும் வரிசையில் நிற்க, அவர்கள் தலைகளின்மேல் பூண் போட்ட கம்பைப் படுக்கவைத்தால் ஒரு தலையும் இடிக்கக்கூடாது, ஒரு தலையும் தாழக்கூடாது. நெட்டையர்கள் இருந்தார்களே, என்ன செய்வது? அவரவர் உயரத்துக்கேற்ப மைதானத்தில் குழி! நெட்டையர் குழிக்குள் நிற்பர். தலைகள் ஒரே மட்டத்தில் தெரியும். குழி தோண்டுவதற்காக முதல்நாள் பிற்பகல் ஸ்டோர் திறக்கப்பட்டு, அலவாங்கும் மண்வெட்டியும் ஆளுக்கொன்றாக, அதுவும் சமமாக, வழங்கப்பட்டன.

ஆண்கள் குழிகளை விரைவாகத் தோண்டி முடித்தார்கள். கருவிகளைத் திருப்பிக் கொடுக்க மறந்தார்கள். தொழிற்சாலை மைதானத்தில் தப்பும் நாதசுரமும் விழாவுக்கு ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தன. தப்பு முழங்கிய போதெல்லாம் மேல் லயத்திலும் ஏதோ முழங்கியது. கொத்தன் வீரய்யா முதல் அடியைத் தன் காம்பராச் சுவரிலேயே போட்டான். "அடைச்சவன் கையாலயே தொறக்கணும்" என்று, அடுத்த அடியை ஏழாம் காம்பராவில் போட்டான்.

விழா நாள். வரிசை நின்றது. நெட்டையர் குழியில் நின்றனர். கம்பு தலைகளின்மேல் வழுக்கிக்கொண்டு ஓடியது. துரை கைகுலுக்கினார். சமனய்யா உணர்ச்சிவசப்பட்டார்:

"இந்தத் தோட்டத்தில் இன்று எவனும் எவனையும் நிமிர்ந்து பார்க்கத் தேவையில்லை! ஏன்? நிமிர்ந்து பார்க்குமளவு எவனிடமும் எதுவும் இல்லை! இதுவே நாம் காண விரும்பிய பொன்னுலகம்!"

பின்னர் ஊர்வலம் லயத்துக்கு ஏறியது. ஒழுகும் கூரை, அடைத்த குழாய், வெட்டிய கொடி ஆகிய சாதனைகளைத் துரைக்குக் காட்டவேண்டும். முன்னால் தப்பு, அடுத்துக் கம்பு, அதன்பின் கோட்டணிந்த கங்காணி. லயத்தின் பின்புறம் திரும்பியதும் தப்பு நின்றது.

சுவரில் பன்னிரண்டு சன்னல்கள். கொட்டாவி விடும் வாய்களைப்போலக் கோணல்மாணலாக, கதவும் சட்டமும் இல்லாமல். ஊர்வலத்துக்கு முன்பே ஓடி வந்துவிட்ட பெண்கள், ஒவ்வொரு சன்னலிலும் ஒரு முகமாகப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஏழாவதில் வடிவு. அவள் தோளருகே, சாக்குப் படங்கு போர்த்திய பழனியாண்டி.

"என்னா இது?" என்றார் துரை, தமக்குத் தெரிந்த தமிழில். "சொவரு நம்ம சொவரு!"

"சொவரு ஒங்களுதுதாங்க தொர" என்றாள் ராக்காயி. "ஓட்டை மட்டுந்தான் எங்களுது."

"கம்ப வெச்சுப் பாருங்கய்யா" என்றாள் வடிவு. "மட்டமா இருக்கா பாருங்க."

சேவகன் பழக்கத்தினால் கம்பை நீட்டி வைத்துவிட்டான். இடித்தவர்கள் கொழுந்தெடுக்கும் பெண்களின் கணவன்மார்; ஓரம் கோணினாலும் உயரத்தில் மட்டம் தப்பவில்லை. சமனய்யா வியர்த்தார். ஆனால் அவர் லேசில் தோற்கும் அதிகாரி அல்லர்.

"மக்களே! இந்த லயத்தில் மட்டும் பார்த்தால் பெரும்பான்மை உங்கள் பக்கம். ஆனால் தோட்டம் முழுவதையும் நோக்குங்கள். கீழ் லயத்தில் சன்னல் இல்லை. அடுத்ததில் இல்லை. அதற்கடுத்ததில்..."

கீழ் லயத்திலிருந்து, சுவரில் அலவாங்கு விழுந்தது போல, 'தொம்' என்றது.

சமனய்யா குரலை உயர்த்தினார். "ஆகவே, மொத்தத்தில் நோக்கும்போது..."

தொம். தொம்.

அவருடைய வாதத்தின் ஒவ்வொரு படியும் ஏறும் முன்பே இடிந்துகொண்டிருந்தது. ஒவ்வோர் இடிக்கும் பெரும்பான்மை இடம் மாறியது. துரை பொறுமையிழந்தார். "அடை! எல்லாம் அடை! வீரய்யா!"

கொத்தன் வீரய்யா முன்னால் வந்து, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, மிகுந்த பணிவோடு சொன்னான்: "மண்ணு இல்லீங்களே, தொர."

மலையே மண்ணாகக் கிடந்த அந்தத் தோட்டத்தில், அன்று மண் தீர்ந்துவிட்டது.

"பத்துச்சீட்டு! எல்லாருக்கும் பத்துச்சீட்டு!"

கங்காணி துரையின் காதருகே குனிந்து, மெல்லக் கேட்டார்: "எல்லாருக்குமா தொர? அப்ப நாளைக்குப் பெரட்டுக்கு நான் யாரு பேரக் கூப்புடுறது?"

துரை மலையைப் பார்த்தார். கம்பு வைக்க ஆளில்லாமல், அன்று ஒரே நாளில் கொழுந்து விரலளவு நிமிர்ந்து நின்றது. அவர் பங்களாவை நோக்கி நடந்தார். போனதும் அதன் சன்னல்கள் அனைத்தையும் சாத்திக்கொண்டதாகக் கேள்வி.

சமனய்யா மேலிடத்துக்கு அறிக்கை அனுப்பினார்: 'ஊசிப்பாறையில் சன்னல் மட்டம் எம் முயற்சியால் எய்தப்பட்டது.' அவருக்குப் பதவி உயர்ந்தது. அந்த உயர்வின்மீது கம்பு வைக்கப்படவில்லை. கந்தோர் வேறொரு தோட்டத்துக்கு இறங்கிப் போயிற்று. அவசரத்தில் பூண் போட்ட கம்பை மறந்துவிட்டது. ராக்காயி அதை எடுத்து வந்து, வடிவு மீண்டும் மாட்டிய பெட்டிப் பலகைக் கதவுக்கு முட்டுக்கொடுத்தாள். பழனியாண்டியின் இழுப்பு தீரவில்லை. தூள் ஏறிய நெஞ்சைச் சன்னலா கழுவும்? ஆனால் அவன் அதனடியில் படுத்து, ஒரு வாக்கியத்தை முழுமையாகச் சொன்னான்:

"இத்தனை நாளாப் படுத்தே கெடந்த கம்பு, இன்னிக்குத்தான் புள்ள நெட்டுக்கு நிக்கிது."

சாட்சி காண வந்தவர்களே! அந்த ஈரமண் இப்போது சுவரில் இல்லை. உங்கள் விரலில் மட்டுமே இருக்கிறது. அந்த விரலோடு வீட்டுக்குப் போங்கள். உங்கள் சுவரைத் தடவிப் பாருங்கள். எங்கே அடைத்திருக்கிறார்கள், யார் அடைத்தார்கள், எந்த நல்ல சொல்லைச் சொல்லி அடைத்தார்கள் என்று கேளுங்கள். 'எல்லோருக்கும் இல்லை, ஆகவே உனக்கும் இல்லை' என்று எவன் கம்போடு வந்தாலும், 'எனக்கு வேண்டும், ஆகவே எல்லோருக்கும் வேண்டும்' என்று எதிர்நில்லுங்கள். தனியாக இடிக்காதீர்கள்; தனியாக இடித்தால் குற்றம். பக்கத்து வீட்டில் இருமல் கேட்கிறதா? போய்க் கதவைத் தட்டுங்கள். அலவாங்கை எடுங்கள்!